இறக்கை கொஞ்சம் அகலம்

கையில் டேப்போடு வந்தவர் அதைச் சுற்றி மூன்றாவது தடவையாக நடந்தபோது பெவின் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். மனிதர் வாயைத் திறக்கவே இல்லை. அளந்தார், மேலே பார்த்தார், "உச்" கொட்டினார், மறுபடி அளந்தார்.

திரேஸ்புரத்தில் ஃபைபர் படகு செய்யும் பட்டறை பெவினுடையது. ஆனால் இப்போது கொட்டகையில் நின்றது படகு இல்லை. ஒட்டகச்சிவிங்கி உயரத்தில், முப்பதடி இறக்கையை விரித்துக்கொண்டு, வாய் நிறையப் பல்லோடு ஒரு பிராணி. ஏழு கோடி வருஷத்துக்கு முன்னால் வானத்தில் பறந்த ஊர்வன வகையாம். குவெட்சால்கோட்லஸ் என்று பெயர். பட்டறையில் ஒருத்தர் வாயிலும் அது நுழையவில்லை. மூத்த வேலைக்காரர் பேச்சிராஜா முதல் நாளே அதற்குக் 'கொட்லான்' என்று பேர் வைத்துவிட்டார்.

விளாத்திகுளம் பக்கம் புதிதாக வரும் ஓர் அறிவியல் பூங்காவுக்கான ஆர்டர் அது. கொட்லான் பிடித்துப்போனால் இன்னும் வரிசையாகப் பிராணிகள் செய்யத் தருவதாகச் சொல்லியிருந்தார்கள். பிடிக்காவிட்டால் ஷார்ஜா. அங்கே படகுக் கம்பெனி ஒன்றில் பெவினுக்கு விசா சொல்லிவைத்துக்கொண்டு, மனைவியின் அண்ணன் பிரைட்டன் தினமும் போன் போட்டுக்கொண்டிருந்தான். பெவினுக்கு ஷார்ஜா மேல் கோபம் ஒன்றும் கிடையாது. மனைவி ஜெனோவாவையும், இப்போதுதான் 'அப்பா' என்று சொல்லப் பழகும் மகளையும் விட்டுவிட்டுப் போக மனசு வரவில்லை, அவ்வளவுதான். படகுக்கு ஆர்டர் குறைந்துபோன காலத்தில் அவனைக் கரையில் பிடித்துவைக்க இந்தக் கொட்லானை விட்டால் வேறு நாதி இல்லை.

வேலை முடிந்ததும் போட்டோ எடுத்துப் பூங்கா ஆபீசுக்கு அனுப்பினான். "ஆள் அனுப்புறோம், வந்து பார்ப்பாரு" என்று போனில் சொல்லிவிட்டு வைத்துவிட்டார்கள். மறுநாள் இவர் வந்து நின்றார்.

நீங்கள் யார் என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே என்று வெளியூர்க்காரர்களுக்குத் தோன்றும். படகுப் பட்டறையில் அது நடக்காது. டேப்போடு வருகிறவர் எவராக இருந்தாலும் அவர் சர்வேயர். அவர் சரி என்றால்தான் படகு தண்ணீரைப் பார்க்கும். பேர் கேட்டால் அவருக்குக் கோபம் வரும், கோபம் வந்தால் இன்னும் நாலு குறை கண்டுபிடிப்பார். நாற்காலி போட்டு, டீயும் மக்ரூனும் வைத்துவிட்டு, அவர் வாயைப் பார்த்தபடி நிற்க வேண்டும். பெவினின் அப்பா அப்படித்தான் நின்றார். பெவினும் அப்படித்தான் நின்றான்.

"பெரிய படிப்பு படிச்ச மனுசன் மாதிரி தெரியுது தம்பி," என்று பேச்சிராஜா காதில் கிசுகிசுத்தார். "செருப்புல பாரு, வெள்ளைப் பொடி. பாறை ஒடச்சி எலும்பு தேடுதவருக்கு அப்படித்தான் இருக்கும்."

வந்தவர் கொட்லானின் வயிற்றில் விரலை மடக்கித் தட்டிப் பார்த்தார்.

"உள்ள என்ன வச்சிருக்கிய?"

"பூரா மரச்சட்டம் சார். எம்மாம் பெரிய அலைக்கும் தாங்கும்."

"இம்புட்டு வெயிட்டு ஆகாது அண்ணாச்சி. உள்ள காலியா, பொள்ளலா இருக்கணும்."

மக்ரூனில் இரண்டை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

அன்று சாயங்காலம் பெவின் தலையில் கைவைத்து உட்கார்ந்தான். ஜெனோவா முத்தையாபுரத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் விலங்கியல் டீச்சர். விஷயத்தைக் கேட்டதும் அவள் முகம் மலர்ந்தது.

"சரியாத்தானங்க சொல்லியிருக்காரு. இதோட எலும்பெல்லாம் பொள்ளல்தான். பாறைக்குள்ள கிடைச்ச எலும்ப வெட்டிப் பாத்திருக்காவ, சுவரு அட்டை கனம்கூட இல்ல. இல்லன்னா இம்மாம் பெரிய உருப்படி எப்படி மேல எழும்பும்?"

"ஏளா, இத முதல்லயே சொல்லியிருக்கலாம்லா?"

"நீங்க கேட்டியளா? கண்ணு எந்த எடத்துல வைக்கன்னு மட்டும்தான் கேட்டிய."

கொட்லானின் முதுகைப் பிளந்து, சட்டத்தை எல்லாம் உருவி எடுத்து, வெறும் ஓடாக மறுபடி ஒட்டினார்கள். இப்போது இரண்டு பேர் தூக்கலாம். அதற்கு ஆளே தேவைப்படவில்லை. மறுநாள் அடித்த கச்சான் காற்றில், முப்பதடி இறக்கையும் படகுப் பாய் மாதிரி விரிந்திருக்க, கொட்லான் தானாகவே கொட்டகையை விட்டுக் கிளம்பி அடுத்த வளவுக்குள் போய்விட்டது.

"எலே பெவின்," என்று அந்த வளவு ஞானபாய் அக்கா நிதானமாகக் கூப்பிட்டாள். "ஒன் பறவை என் வலை மேல அடைகாக்கு. வந்து எழுப்பிட்டுப் போ."

வலையில் எட்டு இடத்தில் கிழிசல். அதைக் கோத்துக் கொடுப்பதாக வாக்குக் கொடுத்துவிட்டுக் கொட்லானைக் கயிறு கட்டி இழுத்து வந்தார்கள்.

டேப்காரர் திரும்ப வந்தார். இந்தத் தடவை ஒரு பக்கம் தூக்கிப் பார்த்துத் திருப்தியாகத் தலையாட்டினார். பெவினுக்குப் போன உயிர் பாதி திரும்பியது. அப்புறம் அவர் மூக்கிலிருந்து வால் நுனி வரை டேப்பை இழுத்தார்.

"நீளம் சாஸ்தியா இருக்கே. இந்த வாலு அவசியமா?"

வால் இல்லாமல் எப்படி சார் என்று கேட்க வாயெடுத்த பெவின், சர்வேயர் ஞாபகம் வந்து வாயை மூடிக்கொண்டான்.

"எடுத்துரலாம் சார்."

வீட்டில் ஜெனோவா கையைத் தட்டினாள். "மனுசன் கில்லாடிங்க. இந்தப் பெரிய வகைக்கு நீள வாலு கிடையாது, குட்டையா ஒரு துண்டுதான். வாலு உள்ளதெல்லாம் ரொம்ப முந்திக் காலத்துச் சின்ன வகை. பல்லும் கிடையாது பாத்துக்கிடுங்க. அவரு கண்ணுல படுததுக்குள்ள அதையும் எடுத்துருங்க."

ஒவ்வொரு பல்லையும் அரம் போட்டுத் தேய்த்து ஒட்டியவர் பேச்சிராஜா. அதைப் பிடுங்கும் நாளில் அவர் சாப்பிடவில்லை.

"என் பல்லைப் பிடுங்கியிருந்தாக்கூட இம்புட்டு வலிச்சிருக்காது தம்பி," என்றார்.

வாலை அறுத்ததும் கொட்லானுக்கு முன்பாரம் தூக்கலாகிவிட்டது. தலை குப்புறக் கவிழ்ந்து, அலகு மண்ணில் முழங்கை ஆழத்துக்குச் செருகிக்கொண்டது. கரையேற்றிய படகுக்குக் கொடுப்பதுபோல நெஞ்சுக்குக் கீழே இரண்டு முட்டுக் கொடுத்து நிறுத்தினார்கள். பார்க்க, கம்பு ஊன்றிய கிழவன் மாதிரி இருந்தது.

அடுத்த தடவை வந்தவர் அந்த முட்டுகளைக் காலால் ஒரு தட்டுத் தட்டினார்.

"இது நிக்காது அண்ணாச்சி. ரெண்டு காலு இருந்தா ஆடத்தான் செய்யும். நாலா ஊணிட்டா ஆடாது. பொறவு இந்த இறக்கை." இரண்டு பக்கமும் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். "இறக்கை கொஞ்சம் அகலம். மடக்கிர முடியுமா?"

பறக்கிற பிராணிக்கு இறக்கையை மடக்கி, நாலு கால் வைத்தால் அது மாடுதானே என்று பெவினுக்குத் தோன்றியது. ஜெனோவாவிடம் சொன்னபோது அவளுக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது.

"ஏங்க, அவரு சாதாரண ஆளு இல்ல. இது நடந்த தடம் பாறையில அச்சுப்பிடிச்ச மாதிரி கிடக்கு. கால் தடத்துக்குப் பக்கத்துல கைத் தடமும் இருக்கு. நாலையும் ஊணித்தான் நடந்திருக்கு. இறக்கைன்னு நாம நினைக்கது அதோட நாலாவது விரலு. அந்த ஒத்த விரலு ரெண்டு ஆளு நீளம். நடக்கையில அத மேல்பக்கமா மடக்கி வச்சிக்கிடும். இதெல்லாம் தெரிஞ்சவரு கையால ஒரு ஓகே வாங்கிட்டியன்னா, ஒங்களுக்கு அப்புறம் எவனும் குறை சொல்ல முடியாது."

இறக்கையை மூட்டுமூட்டாக வெட்டிக் கையை ஊன்ற வைத்து, விரலை மடக்கினார்கள். கொட்லான் நாலு காலில் கம்பீரமாக நின்றது, காற்றுக்கும் அசையவில்லை. மடக்கிய விரல்கள் இரண்டும் மட்டும் தகரக் கூரையை முட்டின. கூரையில் இரண்டு தகரத்தைக் கழற்றிவிட்டார்கள். விரல்கள் அந்த வழியாக வெளியே போய்க் கேபிள் ஒயரை அறுத்தன. அன்று சாயங்காலம் தெருவில் ஒரு வீட்டிலும் சீரியல் ஓடவில்லை. ஞானபாய் அக்கா இந்தத் தடவை நிதானமாகக் கூப்பிடவில்லை.

பிரைட்டன் வேறு போன் போட்டான்.

"மாப்ள, நாளைக்குச் சாயங்காலத்துக்குள்ள ஒரு பதில் சொல்லுங்க. விசாவ வேற ஆளுக்குக் குடுத்துருவான்."

"நாளைக்குச் சொல்லுதேன் மச்சான்," என்றான் பெவின். அன்றைக்கு மகள் அவன் தோளிலேயே தூங்கிப்போனாள். தொட்டிலில் போடச் சொல்லி ஜெனோவா இரண்டு தடவை கூப்பிட்டும் அவன் இறக்கிவிடவில்லை.

மறுநாள் ஜெனோவா பள்ளிக்கூடத்துக்கு லீவு போட்டுவிட்டுப் பட்டறைக்கே வந்துவிட்டாள். அந்த மேதையை நேரில் ஒரு தடவை பார்க்க வேண்டும் என்று அவளுக்கு ஆசை. டேப்காரர் வந்தார். வழுவழுப்பான பல்லில்லாத அலகைத் தடவினார், மடங்கிய இறக்கையை அளந்தார், "இது தேவல" என்றார். பேச்சிராஜா மக்ரூன் தட்டை நீட்டினார். டேப்காரர் ஒன்றை எடுத்துக் கடித்தபடி கொட்லானின் தலையை அண்ணாந்து பார்த்தார்.

"உயரம் இடிக்கும். கழுத்தக் கொஞ்சம் தாழ்த்திருங்களேன்."

"கொக்கு, நாரை மாதிரி," என்று ஜெனோவா பரவசத்தோடு முணுமுணுத்தாள். "தரையில நடந்துக்கிட்டே தலையத் தாழ்த்தி இரை பொறுக்கியிருக்கும்னு இப்பம் சொல்லுதாவ. அதத்தான் சொல்லுதாரு."

நின்ற நிலையிலேயே பேச்சிராஜா கழுத்து மூட்டை அறுத்துச் சாய்த்தார். தலை தாழ்ந்தது, அலகு கொட்டகை வாசலைத் தாண்டித் தெருவில் போய் நீண்டது. ஐஸ் பெட்டியோடு வந்த மீன் டிவிஎஸ் ஒன்று பிரேக் அடித்து நின்றது. அதன் பின்னால் ஓர் ஆட்டோ நின்றது. ஹாரன் சத்தத்தில் ஞானபாய் அக்கா மறுபடியும் வெளியே வந்தாள்.

டேப்காரர் தெருவையும் அலகையும் மாறி மாறிப் பார்த்தார். தாடையைச் சொறிந்தார்.

"அண்ணாச்சி, தப்பா நினைக்காதிய. தலை தனியா கழண்டு வருமா?"

பெவின் மெதுவாக மனைவியைத் திரும்பிப் பார்த்தான். அவள் ஒரு நிமிஷம் யோசித்தாள், பிறகு அவள் முகத்தில் வெளிச்சம் வந்தது.

"ஏங்க, முத முதல்ல இதோட இறக்கை எலும்பு மட்டும்தான் கிடைச்சது. தலை கிடைக்கவே இல்ல. கிடைச்சபடியே வைக்கணும்னு நினைக்காரு போல."

அவ்வளவுதான். பெவினுக்கு உள்ளே ஏதோ அறுந்துவிட்டது. அப்பா காலத்திலிருந்து கட்டிக்காத்த பழக்கத்தை எல்லாம் மறந்துவிட்டு, கையிலிருந்த ரம்பத்தைக் கீழே போட்டான்.

"சார், ஒங்க பேருகூட நான் கேக்கல. நீங்க சொன்ன எதுக்கும் மறுபேச்சுப் பேசல. மரத்த எடுக்கச் சொன்னிய, எடுத்தேன். வால அறுக்கச் சொன்னிய, அறுத்தேன். எங்க பேச்சிண்ணன் ஒரு நா முழுக்கப் பட்டினி கிடந்தாரு. தெருவுல ஒரு வீட்டுக்காரியும் எங்கிட்ட முகம் குடுத்துப் பேச மாட்டேங்கா. தலைய மட்டும் என்னால அறுக்க முடியாது. ஒங்களுக்கு இது புடிக்கலன்னா புடிக்கலன்னு ஒரு வார்த்தை சொல்லிருங்க. நான் பிள்ளைய விட்டுட்டு ஷார்ஜாவுக்குப் போயிருதேன்."

ஜெனோவா வந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். பேச்சிராஜா தலையைக் குனிந்துகொண்டார்.

டேப்காரர் பாதி கடித்த மக்ரூனைத் தட்டில் திரும்ப வைத்தார். பெவினை, அவன் மனைவியை, தெருவை அடைத்துக்கொண்டு தலைகுனிந்து நின்ற கொட்லானை எல்லாம் ஒரு சுற்றுப் பார்த்தார்.

"எனக்குப் புடிச்சா என்ன, புடிக்கலன்னா என்ன அண்ணாச்சி, நீங்க அனுப்புன போட்டோவப் பாத்த அன்னைக்கே அவியளுக்கு ரொம்பப் புடிச்சிப்போச்சே, அதனாலதான இது நம்ம உப்பு லாரியில ஏறுமா ஏறாதான்னு என்னப் பாத்துட்டு வரச் சொன்னாவ."