துப்பாக்கிச் சைட்டுக்கு மார்க் போடுகிறவர்

சாமானைப் பயன்படுத்தாமல் சாமானுக்கு மார்க் மட்டும் போட்டுக்கொண்டிருக்கும் ஓர் இனம் உலகத்தில் உண்டு. சிலர் டிரக் டயருக்குப் போடுவார்கள், சிலர் பூட்ஸுக்கு, சிலர் அடுத்த வீட்டுக்காரி சுட்ட ஆப்பிள் பலகாரத்துக்கு. அமெரிக்காவில் எங்கள் மொன்டானாப் பக்கத்தில் இந்த இனம் துப்பாக்கிச் சைட்டில், அதாவது குறி பார்க்கத் துப்பாக்கி மேல் மாட்டுகிற கருவியில், மேய்கிறது. அடையாளம் கண்டுபிடிப்பது சுலபம். வேட்டைக் காலம் தொடங்கும் நாள் காலையில் ஊரே மலையில் இருக்கும்போது, ஓர் ஆள் மட்டும் சமையலறையில் உட்கார்ந்து, ரொட்டி மாவு நிறுக்கிற தராசில் ஒரு சைட்டை வைத்து, கம்பெனி சொன்ன எடைக்கும் தராசு காட்டும் எடைக்கும் உள்ள வித்தியாசத்தை நோட்டில் எழுதிக்கொண்டிருந்தால், அவர்தான்.

எங்கள் ஊருக்கு அவர் ஆரின் ஹாக்ஸ்டாட்.

ஆரின் கடைசியாக மான் சுட்டது ஆறு வருடத்துக்கு முன்னால். அதுவும் அவர் அப்பாவின் பழைய துப்பாக்கியால், அதில் இருந்த பழைய ஸ்கோப் என்கிற குறித் தொலைநோக்கியால், அந்த ஸ்கோப்புக்கு அவர் இன்றுவரை மார்க் போட்டதில்லை. ஏன் போடவில்லை என்று கேட்டேன். “அது வேலை செய்யுது. அதுல சோதிக்க என்ன இருக்கு?” என்றார். அதற்குப் பிறகு வந்த ஆறு வருடமும் சோதனையிலேயே போய்விட்டது. பாவம், நேரம் எங்கே?

இந்த இனத்துக்கு என்று சில பேச்சு உண்டு. முதலாவது, “இந்த வெலைக்கு…” இதைச் சொல்லிவிட்டுப் பல் இடுக்கு வழியாகக் காற்றை உள்ளே இழுப்பார்கள். வாக்கியத்தை முடிக்க மாட்டார்கள். நல்ல சாமான் என்றாலும் அதே காற்று, மட்டமான சாமான் என்றாலும் அதே காற்று. இரண்டாவது, “நான் குறை சொல்லல, உள்ளதைச் சொல்றேன்.” மூன்றாவது, “அவசரப்படாதே. நான் பார்த்துச் சொல்றேன்.” இந்த மூன்றாவதைக் கேட்டால் கையில் இருக்கும் சாமானை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொள்ளுங்கள். டெல்ஃபா ரைமர் மறைக்கவில்லை.

டெல்ஃபா என்னோடு பள்ளியில் படித்தவள். இருநூறு செம்மறி வைத்திருக்கிறாள். போன மார்ச்சில் குட்டி போடும் சமயம், ஓடைப் பக்கமிருந்து கயோட்டி வர ஆரம்பித்தது. நரியைவிடப் பெரிசு, நாயைவிடத் தந்திரம்; விடிகிற வேளையில் வந்து, பிறந்த குட்டியைக் கழுத்தில் கவ்விக்கொண்டு போய்விடும். அவளுடைய ரைஃபிளில் இருந்த ஸ்கோப் அந்தக் குளிரில் உள்ளே பனி கோத்துச் செத்துப்போனது. அந்தத் துப்பாக்கியில் குறி பார்க்க வேறு எதுவும் கிடையாது. சிவப்புப் புள்ளி காட்டுகிற மலிவுச் சைட் ஒன்றைப் பார்த்தாள். அவளுக்குக் கண்ணில் ஆஸ்டிக்மாடிசம் என்கிற வளைவுக் கோளாறு; அந்தப் புள்ளி மிதிபட்ட ராஸ்பெர்ரி மாதிரி தெரிந்தது. கடைசியில் ஹார்டுவேர் கடை ஹார்லன்தான் ஒரு வழி சொன்னான். பிரிசம் சைட். கைக்குள் அடங்கும். உள்ளே முப்பட்டைக் கண்ணாடி, குறுக்குக்கோட்டைக் கண்ணாடியிலேயே செதுக்கியிருப்பான், அதனால் கண் வளைந்தாலும் கோடு சிதறாது. மூன்று மடங்கு பெரிதாக்கும். விலையும் கையைக் கடிக்காது. வரவழைத்தாள்.

பெட்டி வந்த அன்று கடையில் காப்பிக் குடுவைக்குப் பக்கத்தில் யார் உட்கார்ந்திருந்தது?

“என்ன அது, பிரிசமா?” என்றார் ஆரின். காப்பியைக் கீழே வைத்தார். கல்யாண வீட்டில் பெண்ணைப் பார்க்கிற மாதிரி பெட்டியை நாலு பக்கமும் பார்த்தார். “இந்த வெலைக்கு…”

காற்று உள்ளே போனது.

“நல்லதாம். ஹார்லன் சொன்னான்,” என்றாள் டெல்ஃபா.

“ஹார்லன் விக்கிறவன். விக்கிறவன் நல்லதுன்னுதான் சொல்லுவான்.”

“யோவ், நான் இங்கேதான் நிக்கிறேன்,” என்றான் ஹார்லன்.

“நான் குறை சொல்லல ஹார்லன், உள்ளதைச் சொல்றேன். டெல்ஃபா, இதை நீயே மாட்டாதே. திருகை எவ்வளவு இறுக்கணும்னு ஒரு கணக்கு இருக்கு. துப்பாக்கியையும் குடு. ஒரே நாள். பார்த்து, மாட்டி, குறி சரி பண்ணித் தர்றேன்.”

“எனக்குக் கயோட்டி வந்துட்டிருக்கு, ஆரின்.”

“அவசரப்படாதே. பழுதான சைட்டை வெச்சுக்கிட்டுக் கயோட்டி முன்னாடி நிக்கப் போறியா?”

எங்கள் ஊரில் ஆரின் பார்த்துச் சொல்லாமல் யாரும் எதையும் மாட்டுவதில்லை. எப்படி வந்த வழக்கம் என்று யாருக்கும் தெரியாது. பத்து வருடம் ஒருவர் சொல்லிக்கொண்டே இருந்தால் அது வழக்கம் ஆகிவிடுகிறது. டெல்ஃபா துப்பாக்கியையும் கொடுத்தாள், சைட்டையும் கொடுத்தாள்.

ஒரே நாள் என்றாரே. அந்த ஒரே நாள் பதினொரு நாள் நீடித்தது.

முதல் நாள் எடை. இரண்டாம் நாள் திருகு. மாட்டிக் கழற்றி, கழற்றி மாட்டி, பன்னிரண்டு தடவை. மூன்றாம் நாள் வாளித் தண்ணீருக்குள் மூழ்க வைத்து, குமிழி வருகிறதா என்று முட்டிபோட்டு உட்கார்ந்து முக்கால் மணி நேரம் பார்த்தார். வரவில்லை. வராதது அவருக்கு வருத்தம். நாலாம் நாள் டிரக்கின் பின்கதவிலிருந்து சரளைக் கல்லில் போட்டார். இடது பக்கமாக ஒருமுறை, வலது பக்கமாக ஒருமுறை. நியாயமான மனுஷர், ஒரு பக்கம் சாய்கிற ஆள் இல்லை. ஐந்தாம் நாள் பழைய சாக்கில் சுற்றி முன் பம்பரில் கட்டி, மழை அரித்த மண் பாதையில் பதினாலு மைல். இது எல்லாவற்றையும் செல்போனில் படம் பிடித்து வலையில் ஏற்றினார். முப்பத்தொன்பது பேர் பார்த்தார்கள். பாதிப் பேர் அவருடைய இரண்டு தங்கைகள்தான், திரும்பத் திரும்ப.

ஆறாம் நாள் டெல்ஃபா அவர் வீட்டுக்குப் போனாள். நானும் கூட இருந்தேன். அவள் டிரெய்லர் கதவை என் பட்டறைக்கு வெல்டிங் வைக்கக் கொண்டுவந்திருந்தாள், வேலை முடிந்ததும் அவள் வண்டியில் ஏறிக்கொண்டேன்.

“துப்பாக்கி எங்கே?”

“துப்பாக்கி அலமாரியில இருக்கு.”

“சைட்?”

ஆரின் ஃபிரீசரைத் திறந்தார். மான்கறிப் பொட்டலத்துக்கும் பச்சைப் பட்டாணிக்கும் நடுவில், பிளாஸ்டிக் பையில், சைட் உறைந்து கிடந்தது.

“நாளைக்கு இதை வெளியே எடுத்து, வீட்டைச் சூடாக்கிற ரேடியேட்டர் மேலே வைக்கணும். பனி பிடிக்குதான்னு பாக்கணும்.”

“ரெண்டு குட்டி போச்சு, ஆரின்.”

“அதான் சொல்றேன். உனக்கு நம்பகமான சைட் வேணும்.”

டெல்ஃபா வண்டிக்குத் திரும்பினாள். அவளிடம் வீட்டில் ஒரு ஷாட்கன் இருந்தது. கயோட்டி நிற்கிற இடத்துக்கு அதன் ரவை போய்ச் சேராது. கயோட்டிக்கும் அது தெரியும். அவள் நாய் ஒரு காலை நொண்டிக்கொண்டு இருந்தது. விடியும் முன்னால் எழுந்து, தகர டப்பாவைக் குச்சியால் தட்டிக்கொண்டு மந்தையைச் சுற்றி நடந்தாள். ஐம்பத்து மூன்று வயதுப் பெண், பனியில், தகர டப்பாவோடு. அந்தக் குட்டிகளை விற்றுத்தான் வருடம் ஓட வேண்டும், வேறு வருமானம் இல்லை. ஒன்பதாம் நாளுக்குள் நாலு குட்டி போய்விட்டது.

ஆரின் கெட்டவரா? இல்லவே இல்லை. வேலி அடிக்கக் கூப்பிட்டால் வருவார். ஆனால் கம்பிக் குறடு சரியில்லை என்று சொல்லிக்கொண்டே அடிப்பார். இந்த இனத்தில் கெட்டவர்கள் குறைவு. கெட்டவனாக இருந்தால் நாலு பேர் சேர்ந்து துரத்திவிடலாமே.

பதினோராம் நாள் சனிக்கிழமை. மாவட்டத்துச் சுடுபயிற்சித் தளத்தில் கடைசிச் சோதனை. ஹார்லன் வந்திருந்தான், நான் இருந்தேன், இன்னும் ஐந்தாறு பேர் கையில் காப்பியோடு. ஆரின் மேஜையில் மணல் மூட்டை அடுக்கி, துப்பாக்கியைச் சாய்த்து, நூறு கெஜத்தில் நாற்பது குண்டு போட்டார். எல்லாம் காப்பி டப்பா மூடி அளவு வட்டத்துக்குள் விழுந்தது. எங்களுக்குத் திருப்தி. அவருக்கு இல்லை.

“கோடு கலங்குது,” என்றார். தொப்பியைப் பின்னால் தள்ளினார். “முதல் நாள்லேருந்து பாக்கிறேன். பொறுத்துப் பொறுத்துப் பார்த்தேன். தண்ணி தாங்குச்சு, அடி தாங்குச்சு, குளிர் தாங்குச்சு. ஆனா குறுக்குக்கோடு பஞ்சு மாதிரி தெரியுது. கண்ணாடியே மட்டம். இந்த வெலைக்கு… பத்துக்கு நாலு.”

ஹார்லன் முகம் தொங்கிவிட்டது. அவன் இன்னும் ஆறு சைட் வரவழைத்திருந்தான்.

“நகரு, நான் பாக்கிறேன்,” என்றாள் டெல்ஃபா.

“நீ பார்த்து என்ன தெரியப் போகுது?”

“என் துப்பாக்கிய்யா. நகரு.”

உட்கார்ந்தாள். கன்னத்தை வைத்தாள். பார்த்தாள்.

“ஆமா, கலங்குது.”

ஆரின் எங்கள் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தார். பத்து வருடத்து உழைப்பு ஒரு பார்வையில் தெரிந்தது.

டெல்ஃபாவின் விரல் சைட்டின் பின்பக்கத்தைத் தடவியது. “இது என்ன கறுப்பு டேப்?”

“அதுவா, அங்க ஒரு வளையம் இருக்கு. சோதனை நடக்கும்போது அசையக்கூடாதுன்னு முதல் நாளே ஒட்டிட்டேன்.”

“எதுக்கு வளையம் வெச்சிருக்கான்?”

“தெரியல.”

“கூட ஒரு காகிதம் வந்துச்சே. படிக்கலையா?”

“காகிதம் கம்பெனிக்காரன் எழுதினது, டெல்ஃபா. அவன் சொல்றதைப் படிச்சிட்டுச் சோதிச்சா அது சோதனையா?”

சொன்னாரே ஒரு நியாயம்! எங்களில் இரண்டு பேர் தலைகூட ஆட்டிவிட்டோம். ஒன்று நான்.

டெல்ஃபா நகத்தால் டேப்பைக் கிழித்தாள். வளையத்தைப் பிடித்து, கண்ணை எடுக்காமல், கொஞ்சம் அந்தப் பக்கம் திருப்பினாள், கொஞ்சம் இந்தப் பக்கம்.

“ஓ,” என்றாள்.

பிறகு மூன்று குண்டு போட்டாள். மூன்றும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு விழுந்தன.

“என்ன பண்ணினே?” என்றான் ஹார்லன்.

“என் கண்ணுக்குத் திருப்பினேன். ஆட்டைப் பாக்கிற பைனாகுலர்லயும் இதே வளையம்தான். அவங்கவங்க கண்ணுக்கு அவங்கவங்க திருப்பிக்கணும். இப்போ ஊசி மாதிரி இருக்கு.”

 யாரோ ஒருவன் காப்பியை உறிஞ்சிய சத்தம் மட்டும் பெரிதாகக் கேட்டது.

ஆரின் நோட்டை எடுத்தார். பென்சிலை நாக்கில் வைத்தார். “வளையம் ரொம்ப லேசாத் திரும்புது,” என்று எழுதிக்கொண்டே சொன்னார். “கோடு தெளிவுன்னா ஏழு; இதுக்கு அரை மார்க் குறைக்கணும். அப்போ… ஆறரை.”

டெல்ஃபா துப்பாக்கியை உறையில் போட்டாள். “நாலு குட்டி, ஆரின்.”

“சோதிக்காம குடுத்து, அது பழுதாயிருந்தா?”

“பழுதாயிருந்தாலும் ஒரு குண்டாவது போட்டிருப்பேன். தகர டப்பா தட்டியிருக்க மாட்டேன்.”

மறுநாள் ஞாயிறு. பொழுது வெளுக்கும்போது ஓடைக் கரையில் இரண்டு கயோட்டி வந்தன. ஒன்றை டெல்ஃபா சுட்டாள். மற்றது திரும்பி வரவே இல்லை. அந்த வசந்தத்தில் அதற்கு மேல் ஒரு குட்டியும் போகவில்லை. சாயங்காலம் ஆரின் தூரம் அளக்கும் கருவியோடு அவள் பண்ணைக்கு வந்தார். அவள் நின்ற இடத்தில் நின்றார், கயோட்டி விழுந்த இடத்தைப் பார்த்து அளந்தார்.

“எண்பத்தேழு கெஜம்தானா?” என்றார். “இதை ஒரு சோதனைன்னு சொல்ல முடியாது.”

டெல்ஃபா அவருக்கு ஒரு கிண்ணம் பீன்ஸ் சூப் கொடுத்து அனுப்பினாள். உப்பு எப்படி இருந்தது என்று அவர் சொன்னதை இங்கே எழுத வேண்டாம்.

இவ்வளவு தூரம் பொறுமையாகப் படித்தீர்கள், சந்தோஷம். ஆரினைப் பார்த்துச் சிரிக்கவும் சிரித்திருப்பீர்கள். இனி ஒரே ஒரு கேள்வி. நான் இதில் அந்தச் சைட்டின் கம்பெனிப் பெயரை எழுதவில்லை, சரியான விலையையும் எழுதவில்லை. வேண்டுமென்றேதான். படித்துக்கொண்டு வரும்போது, “அது எந்தக் கம்பெனி? விலை எவ்வளவு? அந்த விலைக்கு வேறு எதுவும் நல்லதாகக் கிடைக்காதா?” என்று உங்களுக்குள் லேசாக ஓடியதா இல்லையா?

நாலு குட்டி செத்தது என்று சொன்னேன். எஞ்சிய மந்தையை வைத்து டெல்ஃபா அந்த வருடத்தை ஓட்டினாளா என்று நீங்கள் கேட்கவே இல்லை.