மாடு சொன்ன சாட்சி

அதிகாரி யாராவது என்னிடம் கேள்வி கேட்டால், கேள்வி முடிவதற்குள் "ஆமாங்க" என்று சொல்லிவிடுவேன். சீக்கிரம் ஆமாம் என்றால் சீக்கிரம் போய்விடுவார் என்ற கணக்குதான். (ஒருமுறை பஸ்ஸில் பரிசோதகர் "டிக்கெட் எடுக்கலையா?" என்றதற்கு, டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டே ஆமாம் என்றவன் நான்.)

பால் கூட்டுறவுச் சங்கத் தேர்தலில் அந்த ஆமாம் என்னை என்ன பாடு படுத்தியது என்று சொல்கிறேன்.

எங்கள் மலைக்கிராமமான கொட்டச்சேட்டில் எங்களுக்கு ஒரே கறவை மாடு, பெயர் ராணி. சங்கத்தில் உறுப்பினர் நான். நான் எஸ்டேட் வேலைக்குப் போய்விடுவதால் கறப்பதும் ஊற்றுவதும் என் மனைவி சரசு. தலைவர் பதவிக்கு அவள் அண்ணன் நின்றார். எதிர்த்து நின்றவர் டீக்கடை பொன்னுசாமி. சொந்த மாட்டுப் பால் ஊற்றுகிறவருக்குத்தான் ஓட்டு என்பது சங்க விதி. மச்சான் பக்கத்து ஆட்கள் பலருக்கு மாடே கிடையாது என்று பொன்னுசாமி கோர்ட்டுக்குப் போய்விட்டார். வீடு வீடாக விசாரித்து, யாருக்கு ஓட்டு உண்டு என்று முடிவு செய்யும்படி உத்தரவு வந்தது.

"ஏனுங்க, உங்க ஓட்டுப் போயி எங்கண்ணன் தோத்துட்டா, எங்கம்மா ஊட்டுல நான் எப்படிங்க தலகாட்டறது?" என்றாள் சரசு. மெதுவாகத்தான் கேட்டாள். நான்தான் பாதிச் சோற்றோடு எழுந்துவிட்டேன்.

சேலத்திலிருந்து ஜீப்பில் அதிகாரி வந்தார். கண்ணாடி போட்ட ஓர் அம்மா. அவருக்குப் பின்னால் பொன்னுசாமி. பொன்னுசாமிக்குப் பின்னால் பாதி ஊர்.

"இது உங்க மாடுங்களா?"

"ஆமாங்க."

"நீங்கதான் கறக்கறீங்களா?"

"ஆமாங்க." (சொல்லித் தொலைத்துவிட்டேன்.)

பொன்னுசாமி துள்ளினார். "பொய்யிங்க மேடம்! இவரு மாட்டுக்கிட்டயே போவ மாட்டாருங்க. கறந்து காட்டச் சொல்லுங்க பாக்கலாம்!"

அந்த அம்மா வாயைத் திறப்பதற்குள் செம்போடு ராணியிடம் உட்கார்ந்துவிட்டேன். ராணி என்னை மோந்து பார்த்தாள். அடுத்த நொடி செம்பு மிளகுக் கொடிக்குள் கிடந்தது. நான் சாணத்தில் கிடந்தேன்.

"இந்தாள யாருன்னே தெரியாதுன்னு மாடே சொல்லிருச்சுங்க மேடம்!" என்று கைதட்டினார் பொன்னுசாமி.

உண்மை என்னவென்றால், சரசுவின் வாசனை இல்லாமல் ராணி சொட்டுப் பால் இறக்கமாட்டாள். சரசு கண்ணைக் காட்டி என்னை உள்ளே அழைத்தாள். கறக்கும்போது தான் கட்டும் பழைய சேலையை நீட்டினாள்.

"இதக் கட்டுங்க."

"வெளிய ஊரே நிக்குது புள்ள!"

"ஊருக்கு என்ன வந்துச்சு? ராணி நம்புனாப் போதும்."

வெளியே வந்தேன். மீசைக்கு மேலே தலையில் அவள் துண்டு, மீசைக்குக் கீழே பச்சைப் பூப்போட்ட சேலை. ஊரே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. மரியாதையாக நடந்துகொண்டது ராணி மட்டும்தான். முந்தானையை மோந்தாள், காலை அகட்டி நின்றாள், கண்ணை மூடிக்கொண்டாள். பால் சர்ரென்று இறங்கியது. பாதி செம்பில், பாதி என் முழங்கையில்.

அதிகாரி கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அத்தனை சிரிப்பு.

"ஏங்க, உறுப்பினரே கறக்கணும்னு சட்டத்துல எங்கயும் இல்லீங்களே! மாடு உங்களுதான்னு பாக்கத்தான் வந்தேன். சம்சாரம் கறக்கறாங்கன்னு சொல்லியிருந்தா அப்பவே போயிருப்பேனுங்களே?"

இதை முதலிலேயே சொல்லியிருக்கக் கூடாதா தாயே! (மனசுக்குள்தான் கேட்டேன். வாய் "ஆமாங்க" என்றது.)

ஓட்டு கிடைத்தது. மச்சான் ஜெயித்தார். ஜெயித்தால் போட்டுக்கொள்ளலாம் என்று வாங்கி வைத்திருந்த மாலையை பொன்னுசாமி சிரித்துக்கொண்டே கொண்டுவந்து ராணியின் கழுத்தில் போட்டார்.

"அதான் நல்லாக் கறக்கறீங்களே" என்று காலைக் கறவையை சரசு என்னிடமே விட்டுவிட்டாள். இப்போது அவள் தூங்குகிறாள், நான் சேலை கட்டுகிறேன்.

போன தீபாவளிக்கு சேலத்து ஜவுளிக்கடையில் சரசுவுக்குச் சேலை எடுத்து முடித்ததும், எங்கள் மகள் கடைக்காரரிடம் சத்தமாகச் சொன்னாள்: "அண்ணா, இன்னொன்னு எங்கப்பாவுக்குங்க. சாணி பட்டாத் தெரியாத கலராக் காட்டுங்க."

கடைக்காரர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "அப்பாவுக்கு மெரூன் நொம்ப எடுப்பா இருக்கும் கண்ணு" என்றபடி பிரித்துப் போட்டார்.