வளைவில்லாத மலைப்பாதை

மலை என்பது இயற்கை செய்துவிட்ட பிழை. அதைத் திருத்துவதற்கென்றே நெடுஞ்சாலைத் துறை அவதரித்தது. இந்த உண்மையை முதலில் மனத்தில் வாங்கிக்கொள்ளுங்கள் கண்ணுகளே, அப்புறம் கதைக்குள் போவோம்.

அந்தத் துறையின் திலகம் நம் பொறியாளர். மலைச் சாலைகள் அத்தனைக்கும் அவர்தான் பொறுப்பு. குறையென்று ஒன்றுதான்: வண்டி வளைவில் திரும்பினால் அவருக்கு வயிற்றைப் புரட்டும். முதல் வளைவில் எலுமிச்சம்பழத்தை முகர்வார், அடுத்ததில் கடிப்பார், அதற்கடுத்ததில் ஜன்னலைத் தேடுவார். ஆகவே மலைச் சாலைகளை நாற்காலியில் இருந்தபடியே பராமரித்துவந்தார்.

"சில பேருக்குத் தண்ணியில கண்டம்பாங்க. எனக்கு ரோட்டுல கண்டம். பாருங்க, ரோட்டு வேலையே கிடைச்சிருக்கு!" என்று அவரே சொல்லிச் சிரிப்பார். தன்னைத் தானே கேலி செய்துகொள்கிறவனை மற்றவர்கள் திட்டுவதற்கு இடமேது? அதுவும் ஒரு சாமர்த்தியம்தான்.

ஒரே மகளை மலைமேல் கட்டிக்கொடுத்திருந்தார். கல்யாணம் கீழேயே நடந்துவிட்டதால் அவள் வீட்டு வாசலை அவர் மிதித்ததே இல்லை. ஒருநாள் அவள் போனில் கேட்டேவிட்டாள்.

"அப்பா, என் வீட்டுக்கு எப்பத்தான் வருவீங்க?"

"நல்ல ரோடா போட்டுட்டு வரேம்மா."

சாதாரணத் தகப்பன் சட்டை, செருப்பு தேடுவான். நம் பொறியாளர் அளவுகோலைத் தேடினார்.

வரைபடத்தை விரித்தால் அதில் நெளிநெளியாகக் கோடுகள். மலை எங்கே எவ்வளவு உயரம் என்று காட்டுகிற கோடுகளாம். ஒரு நிமிடம் உற்றுப் பார்த்தார், குமட்டியது. வரைவாளரைக் கூப்பிட்டார்.

"இந்த நெளிசலை எல்லாம் எடுத்துட்டு, சுத்தமா ஒரு பிரதி போடுங்க."

"சார், அதுதான் சார் மலை!"

"மலை எங்க இருக்குன்னு எனக்குத் தெரியாதா? எடுங்க."

இப்படியாக, வெடிமருந்து ஒரு சிட்டிகைகூடச் செலவாகாமல் ஒரு மலை அகற்றப்பட்டது.

பிறகு உயர்மட்டக் கூட்டம் கூடியது. தலைமைப் பொறியாளர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார்.

"பழைய ரோடு ஏன்யா குடிகாரன் நடந்த மாதிரி போவுது?"

"அதனாலதான் சார், நம்ம ரோடு ஒரே கோடு."

"வளைவே இல்லையே!"

"ஒண்ணுகூட இல்லை சார்."

"சரி, ஏத்தம்?"

தலைமைப் பொறியாளர் வரைபடத்தை உள்ளங்கையால் தடவிப் பார்த்தார்.

"தட்டையாத்தான் இருக்கு," என்று தீர்ப்பளித்தார்.

'கள ஆய்வு' மட்டும் பாக்கி. எல்லோரும் மொட்டை மாடிக்கு ஏறி மலையைப் பார்த்தார்கள். மலை இருந்த இடத்திலேயே இருந்தது. 'ஆட்சேபணை ஏதுமில்லை' என்று எழுதிக் கையெழுத்திட்டார்கள்.

வேலை தொடங்கியது. ரோடு ரோலர் மேலே ஏற மறுத்தது. கயிறு கட்டி இழுத்தார்கள். பழைய சாலைக்கு வருகிற தாரும் நின்றது. வளைவுள்ள சாலை எதற்கு இனி?

புதுச் சாலை முடிந்தபோது மகளுக்கு நிறைமாதம். அடிவாரத்து ஆஸ்பத்திரியில்தான் பிரசவம். "அப்பாவும் அம்மாவும் வந்து கூட்டிட்டுப் போனாத்தான் இறங்குவேன்" என்று அவள் ஒற்றைக்காலில் நின்றாள். பொறியாளர் முதல் பேருந்தில், மனைவியோடு, முதல் வரிசையில் உட்கார்ந்தார். எலுமிச்சம்பழம் எடுத்துக்கொள்ளவில்லை. அவ்வளவு நம்பிக்கை.

பேருந்து மலையின் முழங்கால்வரை ஏறியது. பிறகு முக்கியது. பிறகு நின்றது.

"எல்லாரும் இறங்கித் தள்ளுங்க!" என்றார் ஓட்டுநர்.

தள்ளினார்கள். பொறியாளரும் தோள் கொடுத்தார். மூச்சு வாங்கியது, முகம் மட்டும் மலர்ந்திருந்தது.

"பாத்தியா? இவ்வளவு தூரம் வந்துட்டோம், எனக்கு வாந்தி வரலை!"

"பஸ்ஸுல உக்காந்திருந்தாத்தானே வரும்?" என்றாள் மனைவி.

கடைசியில் பேருந்தின் சக்கரங்களுக்குக் கல்லை முட்டுக் கொடுத்துவிட்டு நடந்தே மேலே போய்ச் சேர்ந்தார்கள். வாசலில் மகள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வலி தொடங்கியிருந்தது.

"வந்துட்டீங்களாப்பா? கீழ போகணும்ப்பா. சீக்கிரம்."

பொறியாளர் திரும்பிப் பார்த்தார். நூல் பிடித்தாற்போல் இறங்கியது அவர் சாலை. அதன் முனையில் ஆஸ்பத்திரி பளிச்சென்று தெரிந்தது.

"அதோ பாரும்மா, இங்கிருந்தே தெரியுது," என்றார். சொன்ன பிறகுதான் தம் குரல் தமக்கே கேட்டது.

"இதுல இறக்கவா? இறங்குறது வேற மாமா, விழறது வேற," என்ற மாப்பிள்ளை, தம் ஜீப்பைப் பழைய சாலைப் பக்கம் திருப்பினார்.

"நீங்க நடந்தே வாங்க, உங்களுக்கு ஆகாது," என்றாள் மனைவி. மகளோ அவர் கையை விடவில்லை. அவர் ஏறிக்கொண்டார்.

வளைவுக்கு வளைவு மகள் "அம்மா" என்றாள். வளைவுக்கு வளைவு அவர் தலையை வெளியே நீட்டினார். நடுவில் மகளே அவர் முதுகைத் தடவிவிட்டாள். ஆனால் ஜீப் முக்கவில்லை, நிற்கவில்லை, பூனை படியிறங்குவதுபோல் இறங்கியது. ஆஸ்பத்திரி வாசலுக்கு இரண்டு ஸ்ட்ரெச்சர்கள் ஓடிவந்தன. ஒன்று மகளுக்கு.

துறை வரலாற்றிலேயே ஒரு பொறியாளர் அந்த மலையை நேரில் அளந்தது அன்றுதான். சாலை போட்டு முடித்த பிறகு.

பேத்தி பிறந்தாள். தாயும் சேயும் நலம். தாத்தாவுக்குத்தான் குளுக்கோஸ் ஏறிக்கொண்டிருந்தது. படுத்தபடியே மாப்பிள்ளையைக் கேட்டார்.

"அருமையான ரோடு மாப்பிள்ளை அது. அந்தக் காலத்துல யாரு போட்டது?"

"யாரும் போடலை மாமா. மூட்டை சுமந்த கழுதைங்க நடந்து நடந்து விழுந்த தடம். அதுமேல தார் ஊத்தினாங்க, அவ்வளவுதான்."

பொறியாளர் உத்தரத்தைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார்.

"அப்ப எங்க கூட்டத்துலயும் ஒரு கழுதையை உக்கார வச்சிருக்கலாம்."

பேத்தியை மடியில் தட்டிக்கொண்டிருந்த மனைவி தலையை நிமிர்த்தவில்லை.

"உக்காந்துதாங்க இருந்துச்சு. நடக்கத்தான் இல்லை."