எதிரி தேவை

உலகில் இதுவரை செய்யப்பட்ட ஆயுதங்களில் தலைசிறந்தது எங்கள் துறையின் 'காலநீக்கி'தான் என்பதை எவ்விதத் தயக்கமும் இன்றி இங்கே பதிவு செய்கிறேன். மற்ற ஆயுதங்கள் ஆளைக் கொல்லும். பிறகு பிணம், அழுகை, நினைவுநாள் என்று ஆயிரம் தொல்லை. காலநீக்கி அப்படிப்பட்ட அநாகரிகமான பொருள் அல்ல. குறிவைத்துப் பொத்தானை அழுத்தினால், குறியில் இருந்தவர் காலத்திலிருந்தே நீங்கிவிடுவார். அதாவது, அவர் பிறக்கவே இல்லை. பிறக்காதவருக்காக யார் அழப்போகிறார்கள்?

அதை ஒரே ஒரு முறை பயன்படுத்தினோம். அதற்கான பதிவேடு, அலுவலகக் கண்காணிப்பாளராகிய என் பொறுப்பில் இருக்கிறது. அதில் தேதி இருக்கிறது, நேரம் இருக்கிறது, சுட்டவர் கையொப்பம் இருக்கிறது. 'எதிரியின் பெயர்' என்ற கட்டம் மட்டும் வெள்ளை வெளேரென்று இருக்கிறது. இதைவிட மகத்தான வெற்றி உண்டா? அன்று எல்லோருக்கும் இனிப்பு வழங்கினோம். எதற்காக என்றுதான் யாருக்கும் தெரியவில்லை.

வினை, மேலிடத்து ஆய்வாளர் அம்மையார் வடிவில் வந்தது. பதிவேட்டைப் புரட்டியவர், மூக்குக்கண்ணாடிக்கு மேலாக எங்கள் இயக்குநரைப் பார்த்தார்.

"எதிரி யாருங்க?"

"தெரியாது மேடம்," என்றார் இயக்குநர், நெஞ்சை நிமிர்த்தி.

"எத்தனை பேரு?"

"அதுவும் தெரியாது."

"இருந்தாங்களா, இல்லையா?"

"இருந்ததே இல்லை மேடம். அதுதானே நம்ம சாதனை!"

"அப்ப எதிரியே இல்லாத நாட்டுக்கு எதுக்குங்க இந்த ஆபீஸ்? வெள்ளிக்கிழமைக்குள்ள ஒரு எதிரியைக் காட்டுங்க. இல்லேன்னா பூட்டிட்டு சாவியைக் கொண்டுவந்து குடுத்துடுங்க."

துறையின் முந்நூற்றுப் பன்னிரண்டு பேர் வேலைக்கும் நாள் குறித்துவிட்டு அவர் போய்விட்டார். எனக்கு ஓய்வு பெற இன்னும் பதினோரு மாதம். அழுகையே வந்துவிட்டது.

அவசரக் கூட்டம் கூடியது. 'எதிரி தேவை. முன்அனுபவம் உள்ளவர்களுக்கு முன்னுரிமை' என்று வாசலில் அறிவிப்பு ஒட்டுவதென ஏகமனதாகத் தீர்மானித்தோம். வந்தவர் ஒரே ஒரு தையல்காரர். நேர்காணலை இயக்குநரே நடத்தினார்.

"எங்க மேல உங்களுக்கு என்ன கோபம்?"

"கோபமா? சேச்சே! அதெல்லாம் ஒண்ணுமில்ல சார்."

"கொஞ்சம்கூடவா இல்லை?"

"வேலையில சேந்ததும் பழகிக்கறேன் சார். உங்க காலர் கோணலா இருக்கே, கழட்டிக் குடுங்க, அஞ்சு நிமிஷத்துல சரி பண்ணிடறேன்."

தகுதியின்மை காரணமாக அவரை நிராகரித்தோம். காலர் மட்டும் இப்போது நேராக இருக்கிறது.

வியாழக்கிழமை மீண்டும் கூட்டம். மேசைக்கு அடியில் பெருக்குகிற அம்மா பெருக்கிக்கொண்டிருந்தார். பதினெட்டு ஆண்டுகளாக அங்கே வேலை பார்க்கிறார். "காலைத் தூக்குங்க சார்" என்பதைத் தவிர அவர் வேறெதுவும் பேசி நாங்கள் கேட்டதில்லை. அன்று நிமிர்ந்து, இடுப்பில் கைவைத்துக் கேட்டார்:

"ஏன் சார், எதிரி இல்லேன்னா நல்லதுதானே? அந்த மிஷினை எடைக்குப் போட்டுட்டு ஆளுக்கொரு உருப்படியான வேலை பாக்கக் கூடாதா?"

இயக்குநர் மெல்ல எழுந்தார். அவர் கண்கள் கலங்கியிருந்தன.

"எழுதுங்கய்யா கண்காணிப்பாளரே, எழுதுங்க! கையில வெண்ணெயை வச்சுக்கிட்டு நெய்க்கு அலைஞ்சிருக்கோம்!"

மறுநாள் ஆய்வாளர் அம்மையார், எதிரி என்று நாங்கள் கொண்டுபோய் நிறுத்திய பெருக்குகிற அம்மாவை மேலும் கீழும் பார்த்தார்.

"பாத்தா எதிரி மாதிரியே இல்லையே?"

"அதுதான் மேடம் ஆபத்து!"

துறை பிழைத்தது. உற்சாகத்தில் எங்கள் இயந்திரப் பொறியாளர், "சுட்டுடலாமா சார்?" என்று பொத்தானை நோக்கிப் போனார்.

"அட மடையா! மறுபடியும் எதிரி இல்லாம நடுத்தெருவுல நிக்கறதுக்கா?" என்று பாய்ந்தார் இயக்குநர்.

ஆகவே எதிரிக்குப் பாதுகாப்பு அளித்தோம். இரவும் பகலும் துப்பாக்கியுடன் இரண்டு காவலர்கள், வாரம் ஒருமுறை டாக்டர். பதினெட்டு ஆண்டுகளில் "சாப்பிட்டீங்களா?" என்று நாங்கள் அவரைக் கேட்டதில்லை. எதிரியான பிறகு வேளாவேளைக்குக் கேட்டோம்.

பத்தாம் நாள் அவர் வந்து, துடைப்பத்தை இயக்குநர் மேசைமேல் வைத்தார்.

"போதும்டா சாமி! வாசல்ல துப்பாக்கிக்காரங்களைப் பாத்துட்டு பக்கத்து வீட்டுக்காரி பேசமாட்டேங்கறா. மருமக பொறந்த வீட்டுக்குக் கெளம்பறேங்கறா. நான் சொன்னதெல்லாம் தப்பு. ஆயுதம் ரொம்ப நல்ல ஆயுதம். இன்னும் நாலு செய்யுங்க. என்னை ஆளை விடுங்க!"

இயக்குநருக்கு முகம் வெளிறிவிட்டது. நாட்டின் ஒரே எதிரி நம் பக்கம் சேர்ந்துவிட்டால் நம் கதி?

"அப்படிச் சொல்லாதீங்கம்மா!" என்று கைகூப்பினார். "எங்க பொழைப்பே உங்க வாயிலதான் இருக்கு. 'வேண்டாம்'னு ஒரே ஒரு தடவை சொல்லுங்கம்மா!"

"அப்ப, நான் அன்னிக்கு வாயை மூடிட்டுப் பெருக்கியிருந்தா இந்த ஆபீஸ் மூடியிருக்குமா?"

"ஆமாம்மா."

அந்த அம்மா தலையில் அடித்துக்கொண்டார்.

பிறகு ஓர் உடன்பாடு ஏற்பட்டது. காவலர்கள் போய்விட்டார்கள். அவர் இனிப் பெருக்க வேண்டாம். மாதத்தின் முதல் தேதி வந்து, நாற்காலியில் அமர்ந்து, "இந்த ஆயுதம் எதுக்கு?" என்று ஒரு தடவை கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போட்டால் போதும். முழுச் சம்பளம். அவர் கேட்டதும் நாங்கள் கைதட்டுவோம். துறை அமோகமாக வளர்ந்து, இன்னொரு மாடியும் கட்டியாகிவிட்டது.

ஆனால் அவருக்கும் வயதாகிறது. அவருக்குப் பின் அந்தக் கேள்வியைக் கேட்க இன்னோர் ஆள் வேண்டுமே என்று நாடு முழுக்க வீடு வீடாகத் தேடினோம். உங்கள் வீட்டுக்கும் வந்தோம். நீங்கள்தான் கதவைத் திறந்தீர்கள். "உங்க ஆயுதத்துமேல எங்களுக்கு ஒரு ஆட்சேபணையும் இல்லீங்க" என்று சிரித்துக்கொண்டே சொல்லி அனுப்பினீர்கள்.