ராஜா போட்ட ரோஸ்டர்

பொறாமைக்கு மருந்தே கிடையாது என்று சொல்பவர்கள் என்னிடம் வரட்டும். இருக்கிறது. எண்பது பேர் முன்னால் ஒரு மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றால் போதும், ஒரே வேளையில் இறங்கிவிடும். நான் அந்த மருந்தைச் சாப்பிட்டவன். கசப்பு இன்னும் தொண்டையிலேயே இருக்கிறது.

பன்னிரண்டு வருடம் முன்னால், நெய்வேலிச் சுரங்கத்தில் ஆள் வைத்திருந்த ஒரு சின்ன காண்ட்ராக்ட் கம்பெனியின் டைம் ஆபீசில் நான் கிளார்க். வெள்ளிக்கிழமை தோறும் அடுத்த வாரத்துக்கான ரோஸ்டரை எழுதி போர்டில் ஒட்டுவது என் வேலை. யார் ஃபர்ஸ்ட் ஷிப்ட், யார் செகண்ட் ஷிப்ட், யாருக்கு ஞாயிறு ஓய்வு என்று நாற்பத்திரண்டு பேரின் தலையெழுத்தை நான் பால்பாயிண்ட் பேனாவில் எழுதினேன். அது போக, தபால் வழியில் எம்.ஏ. வரலாறு படித்துக்கொண்டிருந்தேன். (ஒரு பேப்பரை மூன்றாவது முறையாக எழுதிக்கொண்டிருந்தேன் என்பதை இங்கே ஏன் கிளற வேண்டும்?) ஆகவே மந்தாரக்குப்பம் தொடங்கி டவுன்ஷிப்பின் கடைசி பிளாக் வரை வரலாறு என்பது எனக்குப் பட்டா போட்ட நிலம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த நிலத்தில் வந்து வேலி போட்டவன் சலீம். எங்கள் கம்பெனியிலேயே கன்வேயர் பெல்ட் பார்ப்பவன். பிளஸ் டூவோடு படிப்பு நின்றுவிட்டது. ஆனால் நூலகத்தையே கரைத்துக் குடித்திருந்தான். குடித்ததோடு விட்டானா? அதைப் பிறருக்குப் புரியும்படி சொல்லவும் செய்தான். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

டவுன்ஷிப்பில் ஒரு பிளாக்கின் சமுதாயக் கூடத்தில் மாதக் கடைசி ஞாயிறு மாலை ஐந்து மணிக்கு வாசகர் கூட்டம் நடக்கும். ரிடையர்டு வாத்தியார் மாணிக்கம் சார் நடத்தினார். அங்கே நான் ஒருமுறை நாற்பது நிமிடம் பேசியிருக்கிறேன். "நல்லா இருந்துச்சுங்க" என்று ஒரே ஒருவர் சொன்னார். அவர் கூடத்தைப் பூட்டுகிறவர், அப்போதுதான் தூங்கி எழுந்திருந்தார்.

ஒரு கூட்ட முடிவில் மாணிக்கம் சார் மைக்கைப் பிடித்தார். "அடுத்த மாசம் 'பதினேழாம் நூற்றாண்டில் அரசனும் மக்களும்'. பேசப் போறது நம்ம கூட்டத்துல வரலாறு நல்லாத் தெரிஞ்ச ஒருத்தர்" என்றார். என் தலைப்பு! மூன்று முறை பரீட்சை எழுதிய தலைப்பு! நான் பாதி எழுந்துவிட்டேன். "நம்ம சலீம்!" என்று முடித்தார். கூடமே கைதட்டியது. பாதி எழுந்தவன் என்ன செய்வது? வேட்டியைச் சரிசெய்கிறவன் போல நின்று, நன்றாக இருந்த வேட்டியை அவிழ்த்துக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தேன்.

பக்கத்தில் என் மனைவி தேன்மொழி முகமெல்லாம் சிரிப்பாக இருந்தாள். "நல்லதாப் போச்சுங்க. சலீம் அண்ணன் பேசுனா நமக்கும் புரியும்."

வயிறு எரிந்தது. கல்யாணமாகிப் பதினோரு வருடத்தில் என் பேச்சைக் கேட்டு அவள் ஒருமுறை, ஒரே ஒருமுறை, கைதட்டியிருப்பாளா? அவள் கை தட்ட வேண்டும், அதுவும் அந்தக் கூடத்தில், எனக்காக. அன்றிலிருந்து எனக்கு வேறு ஆசையே இல்லை.

கூட்டம் நடக்கும் வாரத்துக்கு முந்தைய வெள்ளிக்கிழமை ரோஸ்டர் பேப்பர் முன்னால் உட்கார்ந்தேன். சலீமுக்கு ஞாயிறு ஓய்வு வர வேண்டிய முறை. பேனா தானாக நகர்ந்தது என்று சொல்ல ஆசைதான். அதெல்லாம் இல்லை. நானேதான் நகர்த்தினேன். சலீம், ஞாயிறு, செகண்ட் ஷிப்ட். மதியம் இரண்டு முதல் இரவு பத்து வரை பெல்ட்டோடு பேசட்டும்! அவன் யாரோடாவது ஷிப்ட் மாற்றிக்கொள்வானே என்று, வழக்கமாக அவனோடு மாற்றிக்கொள்ளும் இரண்டு பேரையும் அதே ஷிப்டில் போட்டேன். இவ்வளவு முன்யோசனையைப் பரீட்சையில் காட்டியிருந்தால் எப்போதோ பாஸாகியிருப்பேன்.

சலீம் போர்டைப் பார்த்துவிட்டு ஆபீசுக்கு வந்தான். சண்டை போடுவான் என்று நான்கு பதில் தயாராக வைத்திருந்தேன்.

"இன்னா குணா, ஞாயித்துக்கெழம செகண்ட் ஷிப்டா? ஆள் பத்தலியா?"

"ஆமாம்பா, ரொம்ப டைட்டு."

"சரி வுடு, நீ இன்னா பண்ணுவ. ஒனக்கு ஆயிரம் தொல்லை. நீயே பேசிடேன்? நான் சார் கிட்ட சொல்லிடறேன்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான். நான்கு பதிலும் வீண். திட்டியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். நல்லவனாக இருப்பதிலும் என்னை முந்துகிறானே என்று அதற்கும் சேர்த்து எரிந்தது.

ஞாயிற்றுக்கிழமை இஸ்திரி போட்ட சட்டையோடு மேடையேறினேன். முதல் வரிசையில் தேன்மொழியும் பத்து வயது மகள் யாழினியும். "தொடக்க நவீன காலத்திய முற்றதிகார முடியாட்சிக் கோட்பாட்டின் கருத்தியல் அடித்தளங்களானவை..." என்று ஆரம்பித்தேன். இரண்டாவது வாக்கியத்தில் யாழினி அம்மா மடியில் சாய்ந்தாள். பதினைந்தாவது நிமிடத்தில் என் சரக்கு தீர்ந்துவிட்டது. மாணிக்கம் சார் என் காதருகே குனிந்தார். "இன்னும் அரை மணி இருக்கு குணசேகரன்."

அப்போது சலீமின் மனைவி பாத்திமா எழுந்து மேடைக்கு வந்து ஒரு நோட்டை நீட்டினார். "அவரு குடுக்கச் சொன்னாருங்க. பேச்சுக்கு எழுதி வச்சிருந்தாராம். ஒங்களுக்கு ஒதவுமாம்."

மானமுள்ளவன் வாங்கியிருக்க மாட்டான். நான் இரண்டு கையாலும் வாங்கினேன்.

முன்னால் ஒருமுறை புரட்டிப் பார்க்காமலேயே நோட்டைப் பிரித்து, "நான் சொந்தமாக யோசித்து வைத்திருப்பது என்னவென்றால்..." என்று படிக்கத் தொடங்கினேன். "அந்தக் காலத்தில் குடை பிடிப்பதும் பல்லக்கில் போவதும் வெயிலுக்காக இல்லை. இன்னாருக்குத்தான் குடை, இன்னாருக்குத்தான் பல்லக்கு என்று வைத்திருந்தார்கள். நமக்கு இது புதுசா? சுரங்கத்தில் ஹெல்மெட் கலரைப் பார்த்துத்தானே நாம் வணக்கம் வைக்கிறோம்!" கூடம் சிரித்தது. யாழினி எழுந்து உட்கார்ந்தாள். தேன்மொழி என்னை ஆச்சரியமாகப் பார்த்தாள். ஐயோ, அந்தப் பார்வை! படிக்கப் படிக்க இவனுக்கு மட்டும் எப்படி இப்படி வருகிறது என்று உள்ளே புகைந்தாலும், சிரிப்பு எனக்குத்தானே வந்துகொண்டிருந்தது. குரலை உயர்த்தினேன்.

"ஐரோப்பாவில் ராஜாக்கள், கடவுள்தான் எங்களை நியமித்தார், எங்களைக் கேள்வி கேட்க ஆள் இல்லை என்றார்கள். அது எப்படி இருக்கும் தெரியுமா? நம்ம டைம் ஆபீஸ் குணா மாதிரி!"

இது என் வாயிலிருந்துதான் வந்தது. மைக்கில்.

சிரிப்பு வெடித்தது. நிறுத்தியிருக்க வேண்டும். ஆனால் ஓடுகிற பெல்ட் சட்டென்று நிற்குமா? கண் அடுத்த வரிக்குப் போனது, வாயும் பின்னாலேயே போனது. "அவர் வெள்ளிக்கிழமை எழுதுவதுதான் சட்டம். மேல்முறையீடு கிடையாது. ஆனால் குணா நல்ல ராஜா. இத்தனை வருடத்தில் ஒருத்தனுக்கும் வேண்டுமென்றே கஷ்டமான ஷிப்ட் போட்டதில்லை. எல்லா ராஜாவும் குணா மாதிரி இருந்திருந்தால், இங்கிலாந்தில் ஒரு ராஜாவின் தலையை வாங்கியிருக்க மாட்டார்கள்." அதற்குக் கீழே அடைப்புக்குறிக்குள் இருந்ததையும் படித்துத் தொலைத்தேன். "இங்கே குணாவை எழுந்து நிற்கச் சொல்லி, எல்லாரையும் கைதட்டச் சொல்ல வேண்டும்."

யாரும் கைதட்டவில்லை. பின்வரிசையில் எங்கள் கம்பெனி ஆட்கள் ஆறேழு பேர் இருந்தார்கள். அதில் ஒருவர் எழுந்தார். "அப்ப சலீம் எங்க சார்? அவனுக்கு இன்னிக்கு ரெஸ்ட்டு தான வரணும்?"

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். அந்தத் தவளைக்குக்கூட மைக் கிடையாது. நான் தேன்மொழியைப் பார்த்தேன். அவளுக்கு முதலில் புரியவில்லை. பிறகு புரிந்தது. புரிந்ததும் தலையைக் குனிந்துகொண்டாள். பாத்திமா என்னைப் பார்க்கவே இல்லை, அது இன்னும் மோசமாக இருந்தது.

சலீம் பேசியிருந்தால் அந்தக் கூடம் முழுக்க எனக்காகக் கைதட்டியிருக்கும். தேன்மொழியும் தட்டியிருப்பாள். நான் எதற்காக அந்தப் பேனாவை நகர்த்தினேனோ, அது அந்த நோட்டில் அடைப்புக்குறிக்குள் எனக்காகவே காத்துக்கொண்டிருந்தது.

தேன்மொழி யாழினியின் கையைப் பிடித்துக்கொண்டு எனக்கு முன்னால் வீட்டுக்கு நடந்தாள். வாசலில் திரும்பி நின்று சொன்னாள். "நாளைக்கு அந்த அண்ணன் கிட்ட நீங்களே போயி சொல்லணும். எவனோ சொல்லி அவரு தெரிஞ்சிக்கக் கூடாது."

போய்ச் சொன்னேன். சலீம் தன் நோட்டைத் திரும்ப வாங்கிக்கொண்டான். பிறகு, "கேட்டிருந்தா நானே ஒன்னப் பேசச் சொல்லியிருப்பனே, குணா" என்றான். அதோடு சரி. ஆனால் அடுத்த வெள்ளிக்கிழமை ரோஸ்டர் எழுத உட்கார்ந்தபோது எதிரில் எங்கள் கம்பெனி ஆட்கள் நான்கு பேர் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்கள். இனிமேல் அவர்களைக் கேட்டுத்தான் எழுத வேண்டுமாம். அந்தக் கம்பெனியை விட்டு நான் வரும்வரை ரோஸ்டர் அவர்கள் போட்டதுதான், கையெழுத்து மட்டும் என்னுடையது. அரசனையும் மக்களையும் பற்றி, பரீட்சையில் எனக்கு விளங்கவே விளங்காத அந்தப் பேப்பர் அந்த மேஜையில்தான் விளங்கியது. நான்காவது முறை பாஸானேன்.

வீட்டில் அது வேறு மாதிரி நிலைத்துவிட்டது. நான் கேஸ் சிலிண்டர் மாற்றினாலும் சரி, ஒரு டம்ளரைக் கழுவி வைத்தாலும் சரி, "எல்லாரும் கைதட்டுங்க, குணா எழுந்து நிக்கிறாரு" என்பாள் தேன்மொழி. யாழினி தட்டுவாள்.

போன மாதம் யாழினியைப் பெண் பார்க்கப் பண்ருட்டியிலிருந்து வந்திருந்தார்கள். அவர்களுக்குத் தண்ணீர் எடுத்து வர நான் எழுந்தேன். தேன்மொழியும் யாழினியும் பழக்கதோஷத்தில் பட்டென்று கைதட்டிவிட்டார்கள். வந்தவர்கள், இந்த வீட்டு வழக்கம் போலிருக்கிறது என்று நினைத்து, மாப்பிள்ளை உட்பட எல்லோரும் எழுந்து நின்று தட்டினார்கள். எங்களுக்குத் துணையாக வந்திருந்த சலீமும் தட்டினான்.

"எதுக்குங்க கைதட்டுனோம்?" என்று மாப்பிள்ளையின் அப்பா கேட்டார்.

நான் வாயைத் திறந்தேன். "இருங்க," என்றாள் தேன்மொழி, "சலீம் அண்ணன் சொல்லட்டும். அவரு சொன்னாத்தான் புரியும்."