உப்புக் குவியலும் மூன்று புள்ளி டவரும்

இன்டர்நெட் என்றால் என்னவென்று முழுதாகப் புரிந்துகொண்ட மனிதர் இந்த உலகத்திலேயே ஒருவர்தான் இருந்தார். அவர் கம்ப்யூட்டர் படித்தவர் அல்ல. மரக்காணம் உப்பளத்தில் டீசல் இஞ்சின் ஓட்டியவர்.

பிள்ளைகளே, போன வாரம் என் மகள் செல்போனைக் கையில் வைத்துக்கொண்டு, "அப்பா, இந்த பார்க் கட்டுற கேமுக்கு நெட் வேணுமா, வேணாமா?" என்று கேட்டாள். நான் கொஞ்சமும் யோசிக்காமல், "மொதல்ல ரொப்பிக்க. அப்புறம் மூடிட்டு விளையாடு" என்றேன். மகள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டு அம்மாவிடம் போய்விட்டாள். அவளுக்குச் சொல்லாமல் விட்டதை உங்களுக்குச் சொல்கிறேன்.

இரண்டாயிரத்து ஆறாம் வருடம். நான் பத்தாவதோடு நிறுத்திவிட்டு, உப்பு லாரிக்குத் தார்ப்பாய் கட்டுகிற வேலையில் இருந்தேன். உப்பளத்தில் பாத்தி பாத்தியாகக் கட்டி வைத்திருப்பார்கள். இஞ்சின் உப்புத் தண்ணீரை இறைக்கும். மடையைத் திறந்தால் தண்ணீர் பாத்திக்குள் போகும். ரொம்பியதும் மடையை மூடிவிட வேண்டும். மீதி வேலை வெயிலுடையது. உப்பு விளைந்ததும் பெண்கள் பலகையால் வாரி வரப்பில் போடுவார்கள். அதெல்லாம் சேர்ந்து மலை மாதிரி குவியலாக நிற்கும்.

அந்த இஞ்சினை ஓட்டியவர்தான் நம் இஞ்சின்காரர். அவருக்கு வேறு பெயர் இருந்ததா என்று எனக்குத் தெரியாது. அவர் வீட்டுக்கார அம்மாவே, "இஞ்சின்காரரே, சோறு ஆறுது" என்றுதான் கூப்பிடுவார்.

அவருக்குத் தெரிந்த நோய் ஒன்றே ஒன்று. பம்புக்குள் காற்று புகுந்துகொண்டால் தண்ணீர் ஏறாது. அதற்கு "ஏர் பிடிச்சிருக்குது" என்பார்கள். உலகத்தில் எது நின்றாலும் அவருக்கு அது ஏர்தான். கிளியனூர் பஸ் வரவில்லையா? "ஏர் புடிச்சிருக்கும்." ரேடியோ பாடவில்லையா? "ஏர் புடிச்சிருக்கும்." நான் கணக்கில் பெயிலானதைச் சொன்னபோதும் என் மண்டையை இரண்டு பக்கமும் தட்டிப் பார்த்துவிட்டு, "ஆமா தம்பி, ஏர்தான்" என்றார்.

அப்படிப்பட்டவர் கைக்கு, வெளிநாட்டிலிருந்து வந்த மச்சான் மூலமாகக் கலர் திரை போட்ட செல்போன் ஒன்று வந்தது. அதற்குள் ஒரு விளையாட்டு இருந்தது. வெறும் மண் தரை ஒன்று தருவார்கள். அதில் மரம் வைக்கலாம், பெஞ்ச் போடலாம், ஊஞ்சல் கட்டலாம். கடுகு சைஸில் ஜனங்கள் வந்து சுற்றிப் பார்ப்பார்கள். போதுமான ஜனங்கள் வந்துவிட்டால் ஒரு ராட்டினம் கிடைக்கும். ஆனால் விளையாட்டைத் திறந்ததும் இங்கிலீஷில் இரண்டு வரி வந்து நின்றது. என்னிடம் கொண்டு வந்தார்.

நான் எழுத்துக் கூட்டிப் படித்தேன். "கனெக்‌ஷன் வேணுமாம்ணே."

"கரண்டு கனெக்‌ஷனா?"

"தெரியலண்ணே."

இருவரும் சைக்கிளில் மரக்காணம் பஜாருக்குப் போய் செல்போன் கடைக்காரரிடம் கேட்டோம். நல்ல மனிதர், பொறுமையாகச் சொன்னார். "அண்ணே, பேசுறதுக்கு டவர் ஒரு புள்ளி இருந்தா போதும். இந்த கேம் தொறக்கறதுக்கு மூணு புள்ளி வேணும். நெட்ல இருந்து உங்க பார்க்க எடுத்துக்கினு வரும். வந்த பெறகு நெட் தேவையில்ல, நீங்க மூடுற வரைக்கும் ஓடும். ஆனா ஏழு நாளைக்கு ஒரு தடவ மறுபடியும் நெட்டுக்குப் போய் மூஞ்சக் காட்டணும். காட்டலன்னா பார்க்க கலைச்சிட்டு வெறும் தரையாக்கிடுவான்."

இஞ்சின்காரர் கண்ணை மூடி யோசித்தார். பிறகு சொன்னார்: "புரிஞ்சிடுச்சு. மடையத் தொறக்கணும், ரொப்பணும், மூடிடணும். ஏழு நாள்ல வத்திப்போயிடும். மறுபடியும் ரொப்பணும்."

"அப்படியெல்லாம் இல்லண்ணே..."

"அப்படித்தாம்பா. நீ கடையில உக்காந்துக்கினு இருக்கற. உனக்கு இன்னா தெரியும்?"

கடைக்காரர் என்னைப் பார்த்தார். நான் சைக்கிளைப் பார்த்தேன்.

"இங்கேயே நாலு புள்ளி இருக்குது, தொறந்து குடுக்கட்டுமா?" என்று கேட்டார் கடைக்காரர். இஞ்சின்காரர் போனைச் சட்டென்று பிடுங்கிக்கொண்டார். "ஐயய்யோ! இது உன் மடைப்பா. அடுத்தவன் மடையில தண்ணி புடிக்கற பழக்கம் நமக்கில்ல."

இனி நம்முடைய மடை எங்கே இருக்கிறது என்று தேட வேண்டியதுதான் பாக்கி. மூன்று நாள் போனை நெஞ்சுக்கு நேராக நீட்டிப் பிடித்தபடி வரப்பு வரப்பாக நடந்தார். எங்கே நின்றாலும் ஒரே புள்ளி. மூன்றாம் நாள், உப்பளத்திலேயே பெரிய குவியல் மேல் ஏறினார். செருப்பைக் கழற்றி, காலைக் கழுவிக்கொண்டுதான் ஏறினார், அது விற்கிற உப்பு அல்லவா! உச்சியில் தெற்கே பார்த்து நின்று, வலது கையை வானத்துக்கு நீட்டினார். மூன்று புள்ளி!

அன்று ஆரம்பித்து, வெள்ளிக்கு வெள்ளி குவியல் உச்சியில் கை தூக்கிய நிலையில் அவரைப் பார்க்கலாம். ஈ.சி.ஆர். ரோட்டில் போகிற பஸ்ஸிலிருந்து பார்த்தால் சிலை மாதிரி இருக்கும். ஒரு வெள்ளிக்கிழமை காரில் வந்த ஒரு குடும்பம் இறங்கி, குவியலைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டே போனது.

நெட்டை ரொப்பிய பிறகு இறங்கி வருகிற அழகு இருக்கிறதே! ஈரத் துண்டால் போனை மூடி, இரண்டு கையாலும் ஏந்தி, நிறைகுடத்தைத் தூக்கி வருகிற மாதிரி அடி மேல் அடி வைப்பார். யாராவது குறுக்கே ஓடினால், "தள்ளுங்கய்யா, சிந்திடப் போவுது!" என்று கத்துவார்.

உப்பு வாருகிற பவுனு அக்கா வயிறு வலிக்கச் சிரித்தார். "இன்னா இஞ்சின்காரரே, ஒரு சொம்பு நெட்டு குடேன், கொழம்புக்கு ஊத்திக்கறேன்."

சிரிக்கலாம்தான். ஆனால் இஞ்சின் கொட்டகைக்கு வந்து துண்டை விலக்கினால் பூங்கா அப்படியே திறந்திருக்கும்! ஒரு புள்ளி டவரில் சாயந்திரம் வரை விளையாடுவார். கடைக்காரர் சொன்னபடி, திறந்த பிறகு நெட் தேவையில்லை. ஆனால் துண்டு போட்டு மூடியதால்தான் சிந்தவில்லை என்று நிரூபணமாகிவிட்டது. அவரிடம் யார் வாதாடுவது?

இதில் இரண்டு சங்கடம். விளையாட்டை மூடவே மாட்டார், அதனால் போனில் சார்ஜ் எப்போதும் உயிர் ஊசலாடிக்கொண்டு இருக்கும். இன்னொன்று, போன் வந்து எடுத்தால் விளையாட்டு தானாக மூடிக்கொள்ளும். ஒரு நாள் முதலாளி போன் செய்து, இஞ்சினை நிறுத்தச் சொன்னார். இஞ்சின்காரருக்கு வந்ததே கோபம்!

"இன்னா முதலாளி, போனுக்கெல்லாம் போன் பண்றீங்க?"

"போனுக்குப் போன் பண்ணாம வேற எதுக்குய்யா பண்ணுவாங்க?"

"பார்க்கு மூடிக்கிச்சு. ஊஞ்சல்ல பதினோரு பேரு ஆடிக்கினு இருந்தாங்க. அவங்க கதி இன்னா?"

முதலாளி தங்கமான மனிதர். இனி போன் செய்வதில்லை, இஞ்சினை நிறுத்த வேண்டுமானால் வரப்பில் நின்று குடையை விரிப்பார், ஓட்ட வேண்டுமானால் குடையை மடக்குவார் என்று பேசி முடித்தார்கள். மறுநாள் நல்ல வெயில். முதலாளி குடையை விரித்தார், இஞ்சின் நின்றது. ஐயோ என்று மடக்கினார், இஞ்சின் ஓடியது. வெயில் தாங்காமல் மறுபடி விரித்தார். மத்தியானத்துக்குள் முதலாளியின் மண்டை காய்ந்துவிட்டது, இஞ்சின் சூடேறிவிட்டது.

இதற்கிடையில் பூங்கா வளர்ந்தது. டீ நேரத்தில் எல்லோரும் கொட்டகைக்கு வந்துவிடுவோம். உப்பளத்தில் கண்ணுக்கு எட்டிய தூரம் ஒரு மரம் கிடையாது, எல்லாம் வெள்ளை. அந்தச் சின்னத் திரையில்தான் பச்சை. பவுனு அக்கா முதலில் கிண்டல் செய்தார். பிறகு மெதுவாக, "ஏம்பா, அந்த ஓரத்துல ஒரு மரம் வைக்கலாமே" என்றார். இஞ்சின்காரர் வைத்தார். "நெழலு இருக்குது, உக்கார ஒரு பெஞ்சு போடக் கூடாதா?" போட்டார். "குடிக்கத் தண்ணி?" குழாய் வந்தது. கடுகு ஜனங்களில் ஒன்று அந்த பெஞ்சில் போய் உட்கார்ந்ததும் இஞ்சின்காரர் விரலை வைத்துக் காட்டினார். "இதான் நீ."

"நானா? இவ்ளோ ஒல்லியாவா இருக்கறேன்?" என்று கேட்டுவிட்டு, பவுனு அக்கா ரொம்ப நேரம் அந்தப் புள்ளியையே பார்த்துக்கொண்டு இருந்தார்.

ராட்டினத்துக்குத் தேவையான ஜனங்களும் வந்துவிட்டார்கள். அடுத்த வெள்ளிக்கிழமை நெட்டுக்குப் போனால் ராட்டினம் வந்துவிடும். முதல் சுற்றில் யார் ஏறுவது என்பதில் பவுனு அக்காவுக்கும் எனக்கும் சண்டைகூட வந்தது.

அந்த வெள்ளிக்கிழமை காலையில் லாரிகள் வந்து நின்றன. குவியல் விற்றுப் போயிருந்தது!

இஞ்சின்காரர் தண்ணீர் இறைக்க ஆரம்பித்துவிட்டதால் உடனே கொட்டகையை விட்டு வர முடியவில்லை. அவர் வருவதற்குள் குவியலில் பாதி லாரிக்குள் போய்விட்டது. மீதியின் மேல் ஏறிக் கை தூக்கினார். இரண்டு புள்ளி. கூடை கூடையாக உப்பு போகப் போக அவரும் இறங்கிக்கொண்டே வந்தார். கடைசியில் ஒரே புள்ளி. அன்றுதான் ஏழாவது நாள்.

"அண்ணே, பஜார் கடையில..." என்று லாரி மேலிருந்தே ஆரம்பித்தேன்.

"அடுத்தவன் மடை" என்றார். குரலில் தெம்பே இல்லை. பிறகு திடீரென்று லாரியை நிமிர்ந்து பார்த்தார். முகம் மலர்ந்தது. "தம்பி! குவியல் எங்க போச்சி?"

"லாரியிலண்ணே."

"அப்ப டவரும் அங்கதான இருக்கும்!"

நான் பதில் யோசிப்பதற்குள், "பவுனு, ரெண்டு நிமிஷம் இஞ்சினப் பாத்துக்க!" என்று கத்திவிட்டு, காலைக் கழுவிக்கொண்டு லாரி மேல் ஏறிவிட்டார். நான் ஏற்கெனவே மேலே தார்ப்பாய் கட்டிக்கொண்டு இருந்தேன். டிரைவருக்கு இவர் ஏறியது தெரியாது. லாரி கிளம்பிவிட்டது.

நான் கேபினைத் தட்டினேன். டிரைவர் பாட்டு கேட்டுக்கொண்டு இருந்தார். லாரி மெயின் ரோட்டில் ஏறியது. இஞ்சின்காரர் உப்பின் மேல் தெற்கே பார்த்து நின்று கையை நீட்டினார். ஊர் நெருங்க நெருங்க இரண்டு புள்ளி, மூன்று புள்ளி, நான்கு புள்ளி!

"பாத்தியா! உப்புலதாண்டா இருக்குது டவரு! நான் சொன்னனா இல்லியா?"

பூங்கா வர ஆரம்பித்தது. திரையில் ஒரு கோடு மெல்ல நகர்ந்தது. மரம் தெரிந்தது. பவுனு அக்காவின் பெஞ்ச் தெரிந்தது. மேல் மூலையில் ராட்டினத்தின் கால் பாகம் தெரிந்தது. போனில் சார்ஜ் கடைசிக் கட்டத்தில் மினுக்கிக்கொண்டு இருந்தது.

அப்போது மணி அடித்தது. முதலாளி நம்பர்.

குடை ஒப்பந்தத்துக்குப் பிறகு முதலாளி போன் செய்ததே இல்லை. இஞ்சின்காரர் போனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். எடுத்தால் பூங்கா மூடிக்கொள்ளும். மறுபடி திறக்கச் சார்ஜ் இருக்காது. ராட்டினத்தை இன்னும் ஒரு தடவை பார்த்துவிட்டுப் பச்சைப் பொத்தானை அழுத்தினார்.

முதலாளி இல்லை, பவுனு அக்கா. "யோவ் இஞ்சின்காரரே! எங்கய்யா போன? தண்ணி வரப்ப தாண்டப் போவுது! வாரிப் போட்ட உப்பெல்லாம் கரைஞ்சிடும்யா! ஒரு வார வேல! முதலாளி கொடைய நூறு தடவ விரிச்சிட்டாரு, நிக்க மாட்டேங்குது!"

"முதலாளிய நிறுத்தச் சொல்லு!"

"அவுரு இஞ்சினத் தொட பயப்படறாரு!"

"சரி, நீயே நிறுத்து. பக்கத்துல சின்னதா ஒரு கம்பி இருக்கும் பாரு."

"ரெண்டு இருக்குதே!"

"சின்னது."

"ரெண்டும் சின்னதுதான்!"

"துணி சுத்தியிருக்கும் பாரு, நீல துணி. அத புடி. இழுக்காத, தள்ளு. மெதுவா. பயப்படாத, ஒண்ணும் பண்ணாது, அது நம்ம புள்ள."

இஞ்சின்காரர் போனைக் காதோடு அழுத்திக்கொண்டு கண்ணை மூடினார். லாரி சத்தத்தையும் மீறிப் போனுக்குள் 'டக் டக் டக்' என்று இஞ்சின் ஓடுவது எனக்கே கேட்டது. டக் டக். டக். டக்... நின்றது.

"நின்னுடுச்சு" என்றார் இஞ்சின்காரர். அதே நேரத்தில் போனும் அணைந்தது. திருப்பிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "ரெண்டும் நின்னுடுச்சு தம்பி."

லாரி எடை மேடைக்கு வரும் வரை நாங்கள் இருவரும் உப்பின் மேல் உட்கார்ந்து கடலைப் பார்த்துக்கொண்டு வந்தோம். நான் சும்மா இருக்க முடியாமல், "ஏர் புடிச்சிருக்குமோண்ணே?" என்றேன். "வாய மூடுடா" என்றார். ஆனால் சிரித்துவிட்டார்.

அடுத்த வாரம் வேறொரு குவியல் உயர்ந்ததும் அதன் மேல் ஏறினார். துண்டு போட்டு மூடி எடுத்து வந்தார். நாங்கள் எல்லோரும் கொட்டகையில் கூடினோம். துண்டை விலக்கினார். வெறும் மண் தரை.

பவுனு அக்காவின் முகம் சுருங்கியது. "நாங்கெல்லாம் பெஞ்சுல உக்காந்துக்கினு இருந்தமே. எங்க போனோம்?"

"வேலைக்குப் போயிருக்கறீங்க" என்றார் இஞ்சின்காரர். "வந்துடுவீங்க." சொல்லிக்கொண்டே, பெரிய கட்டைவிரலால் பொத்தானை அழுத்தி, வெறும் தரையின் ஓரத்தில் ஒரு மரம் வைத்தார். மரத்தடியில் ஒரு பெஞ்ச். பக்கத்தில் ஒரு குழாய். வாசல் கேட்டுகூட அப்புறம்தான் வைத்தார்.

பிள்ளைகளே, பார்க் கட்டுகிற விளையாட்டுக்கு எவ்வளவு நெட் வேண்டும், எப்போது வேண்டும் என்பதெல்லாம் இப்போது உங்களுக்கே என்னைவிட நன்றாகத் தெரியும். எனக்கும் தெரியும், நெட் தண்ணீர் இல்லை.

ஆனாலும் மொட்டை மாடியில் டவர் எடுத்துக்கொண்டு படி இறங்கும்போது, நான் இன்னமும் மெதுவாகத்தான் இறங்குகிறேன். சிந்திவிடக் கூடாது பாருங்கள்.