எதிர்காற்றும் மாமாவின் கொப்பரையும்

இருபத்தெட்டு வருடம் ராணுவத்தில் இருந்தேன். பாய்மரப் படகுப் போட்டிகளில் வாங்கிய கோப்பைகள் வீட்டில் ஓர் அலமாரி நிறைய இருக்கின்றன. ஆனாலும் நான் மூழ்கடித்த ஒரே கப்பல், கரும்புச்சாறு காய்ச்சும் கொப்பரை என்பதை இங்கே ஒப்புக்கொள்கிறேன்.

அறுபதுகளின் நடுவில் நான் லெப்டினன்ட். பூனாப் பக்கத்து ஏரியில் முதல் கோப்பை வாங்கிய கையோடு, ரெட்டியார்சத்திரம் பக்கம் மாமா வீட்டுக்கு லீவில் வந்தேன். (கோப்பையை ஊர் முழுக்கக் காட்டி முடிக்கவே இரண்டு நாள் ஆனது.) அம்மாவின் தம்பியான அவர் வெல்லம் காய்ச்சுவதில் பேர் போனவர். திண்டுக்கல் மண்டியில் நிறத்தைப் பார்த்தே இது அவருடைய சரக்கு என்பார்கள். அப்போது கரும்பு வெட்டிக் களத்தில் குவிந்து கிடந்தது. மறுநாள் ஆலை ஓட்டிச் சாறு பிழிய வேண்டும். வட்டமான பெரிய இரும்புக் கொப்பரையைக் கண்மாய்க் கரையில் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் உட்கார்ந்து, எதிர்காற்றிலும் படகு விடலாம் என்று நான் அளந்துகொண்டிருந்தேன்.

"எதிர்காத்துல எப்படி மாப்ளே போகும்? வைக்கோல் வண்டியே நகர மாட்டேங்குது" என்றார் மாமா.

அவர் கேலி செய்யவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். எனக்குத்தான் சுருக்கென்றது.

"கொப்பரையக் குடுங்க, காட்டுறேன்."

"நாளைக்கு ஆலை ஓட்டணும் அப்பு..."

"செத்த நேரந்தான் மாமா."

ஆபீசர் கேட்டால் மறுக்க முடியுமா? கொடுத்துவிட்டார். மூங்கிலில் அத்தையின் போர்வையைக் கட்டினேன். அடியில் பலகை இறக்காத எதுவும் எதிர்காற்றில் போகாது என்பது படகில் முதல் பாடம். (அந்தப் பாடத்தில் நான் நூற்றுக்கு நூறு.) கொப்பரை போகவில்லை, சுற்றியது. கரையில் நின்றவர்களுக்கு முகத்தையும் முதுகையும் மாற்றி மாற்றிக் காட்டிக்கொண்டே மடைப் பக்கம் ஆழத்துக்கு ஒதுங்கினேன். போர்வையைச் சரிசெய்ய எழுந்து நின்றேன். விளிம்பு சாய்ந்து ஒரு வாய் தண்ணீர் குடித்தது. அவ்வளவுதான்.

நீந்தி வந்த என்னை மாமாதான் கைகொடுத்துத் தூக்கினார். "அடி ஏதும் படலையே மாப்ளே?"

படகுப் போட்டியில் ஒரு வழக்கம் உண்டு. தப்பு தன் மேல் என்று தெரிந்தால், யாரும் பார்க்காவிட்டாலும் தானாகவே விலகிக்கொள்ள வேண்டும். அன்று நான் சொன்னது இது:

"கொப்பரையில ஓட்டை மாமா. அடியில கசிஞ்சுச்சு."

மாமா நம்பினார். அதுதான் கொடுமை. இரண்டு நாள் ஆட்கள் முங்கிப் பார்த்தும் சேற்றில் அகப்படவில்லை. கரும்பை வண்டிகளில் சித்தையன்கோட்டைக்கு ஏற்றிப்போய், இன்னொருவர் கொப்பரை காலியாகும்வரை காத்துக் கிடந்தார். அதற்குள் கரும்பு புளித்துவிட்டது. வெல்லம் கட்டியாகாமல் கறுத்துப் பிசுபிசுத்தது. மண்டியில் கேட்டவர்களிடமெல்லாம், "ஓட்டையப் பாக்காம விட்டுட்டேன், என் தப்புதான்" என்றாராம். நான் அதற்குள் ரயிலேறியிருந்தேன்.

பங்குனியில் கண்மாய் வற்றியதும் மாமாவிடமிருந்து ஒரு கார்டு வந்தது. "கொப்பரை கிடைத்துவிட்டது. நல்லபடியாக இருக்கிறது. உடம்பைப் பார்த்துக்கொள்ளவும்." ஓட்டையைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. பதில் எழுத உட்கார்ந்தேன். பூனாவின் வெயிலைப் பற்றி ஒரு பக்கம் எழுதி அனுப்பினேன்.

கொப்பரையைத் தூக்கிய ஆட்கள் சும்மா இருப்பார்களா? ஓட்டையே இல்லை என்று ஊரெல்லாம் சொல்லிவிட்டார்கள். இன்றும் எங்கள் வீட்டில் யாராவது சாக்கு சொன்னால், "என்ன, கொப்பரையில ஓட்டையா?" என்று கேட்டுச் சிரிப்பார்கள். ஒரு போட்டியில் தோற்று வந்து காற்றைத் திட்டியபோது என் மனைவியும் கேட்டாள். நானும் சிரித்து வைத்தேன்.

மாமா மட்டும் சாகும்வரை அதைச் சொன்னதில்லை. நான் இருக்கும்போது யாராவது சொன்னால், மாட்டுக்குத் தண்ணீர் காட்ட எழுந்து போய்விடுவார். ஒரு தடவையாவது பின்னாலேயே போய், என் தப்புதான் மாமா என்று சொல்லியிருக்கலாம். தொழுவம் பத்தடி தூரம்தான். நான் போகவில்லை.